‘கொலோசல் யூத்’ ஆல்பத்தைக் கேட்பது எப்படி?

வேல்ஸின் கார்டிஃப் நகரில் 1978இல் உருவாகி, மூன்று ஆண்டுகள்கூட நீடிக்காமல் கலைந்த ‘யங் மார்பிள் ஜயண்ட்ஸ்’ குழு வெளியிட்ட முழு ஆல்பம் ஒன்றே ஒன்றுதான். ரஃப் டிரேட் நிறுவனம் 1980இல் வெளியிட்ட அந்த ‘கொலோசல் யூத்’, வழக்கமான ராக் இசைக்குப் பழகிய காதுக்கு முதலில் முடிக்கப்படாத ஒத்திகையைப் போலத் தோன்றக்கூடும். அதனால் பாதியில் நிறுத்திவிடுகிறவர்களுக்காகவே இந்த வழிமுறையை எழுதுகிறேன்.

முதலில், ஒலியைக் கூட்டாதீர்கள். இந்த ஆல்பத்தில் டிரம்ஸ் வாசிப்பவர் கிடையாது. முன்கூட்டியே கேசட்டில் பதிந்துகொண்ட எளிய மின்னணுத் தாளம் மட்டுமே பின்னால் ஓடுகிறது. சத்தத்தைக் கூட்டினால் அந்தத் தாளத்தின் மெல்லிய தட்டல் முன்னுக்கு வந்து, வாத்தியங்களுக்கு நடுவே வேண்டுமென்றே விடப்பட்டிருக்கும் இடைவெளி மறைந்துவிடும். இரவில், அமைதியான அறையில், ஹெட்ஃபோனில் கேட்பது நல்லது.

அடுத்து, பாட்டைப் பின்தொடராமல் பிலிப் மோக்ஸமின் பேஸ் கிதாரைப் பின்தொடருங்கள். பிற குழுக்களில் அடித்தளமாக நின்றுவிடும் அந்த வாத்தியம் இங்கே பல இடங்களில் மெட்டையே சுமக்கிறது. அவருடைய அண்ணன் ஸ்டூவர்ட், உள்ளங்கையின் ஓரத்தால் கம்பிகளை அழுத்தியபடி மீட்டுவதால், கிதாரின் ஒவ்வொரு சுரமும் எழுந்தவுடனேயே அடங்கிவிடுகிறது. இவ்விரண்டும் காதில் பதிந்த பிறகு அலிசன் ஸ்டேட்டனின் குரலுக்கு வாருங்கள். உணர்ச்சியைக் கொட்டாமல், பேசுவதைப் போல அவர் பாடுவதைக் குறை என்று எண்ணுவோர் உண்டு. இந்தப் பாடல்களின் வலியை அந்த அடக்கத்தைவிடச் சரியாகச் சொல்லும் முறை வேறில்லை என்பது என் உறுதியான கருத்து.

மறுபதிப்புகளிலும் இணையத் தளங்களிலும் கூடுதல் பாடல்கள் சேர்க்கப்பட்டிருப்பதால், மூல ஆல்பத்தின் 15 பாடல்களோடு ஒருமுறை நிறுத்திக்கொள்ளுங்கள். ‘விண்ட் இன் த ரிக்கிங்’ என்ற வாத்திய இசையே அதன் முடிவு. அணு ஆயுதப் போரில் உலகம் அழியும் நாளைப் பற்றி இரண்டு நிமிடத்துக்கும் குறைவாகப் பேசும் ‘ஃபைனல் டே’ என்ற பாடல் தனி வெளியீடாக வந்தது; அதை வேறொரு நாளில் தனியாகவே கேட்க வேண்டும்.

ஆல்பம் பழகிய பின், ‘கிரெடிட் இன் த ஸ்ட்ரெய்ட் வேர்ல்ட்’ பாடலை ஹோல் குழு 1994இல் முழு டிரம்ஸோடும் உரத்த கிதாரோடும் பாடிய வடிவத்தையும், அதன் பிறகு உடனே மூலத்தையும் கேளுங்கள். பிலிப், ஸ்டூவர்ட், அலிசன் மூவரும் எவற்றையெல்லாம் தவிர்த்தார்கள் என்பது அப்போது தெளிவாகப் புரியும். மேலும் தேட விரும்புவோர் ஸ்டூவர்ட் அமைத்த ‘த ஜிஸ்ட்’, அலிசன் பாடிய ‘வீக்கெண்ட்’ ஆகிய குழுக்களுக்குச் செல்லலாம். இவற்றில் ‘வீக்கெண்ட்’ ஜாஸ் இசையின் பக்கம் சாய்ந்தது.