85 டிகிரி காட்டிய கடல்

மொரீஷியஸின் தென்கிழக்கில், ப்ளூ பே பவளப்பாறைப் பக்கம் கடல்நீரின் வெப்பநிலையை உடனுக்குடன் அனுப்பும் கருவி வைத்திருக்கிறோம். பவளம் வெளுப்பதைக் கண்காணிக்க ஒரு டிகிரி ஏறினாலே பெரிய விஷயம். அதில் அவ்வப்போது 85 டிகிரி செல்சியஸ் பதிவாக ஆரம்பித்தது.

உப்புநீர் புகுந்திருக்கும் என்று சென்சாரை மாற்றினோம், கேபிளை மாற்றினோம். நிரலில் சராசரி எடுத்துப் பார்த்தோம்; நல்ல அளவுகளும் கெட்டதுதான் மிச்சம்.

அப்புறம்தான் கண்ணில் பட்டது: 84.9, 85.1 என்று ஒருமுறைகூட வரவில்லை. எப்போதும் கச்சிதமாக 85.0. நாங்கள் பயன்படுத்தும் டிஎஸ்18பி20 என்ற வெப்பநிலை சென்சாருக்கு மின்சாரம் வந்ததும் அதன் நினைவகத்தில் இருக்கும் தொடக்க மதிப்பே அதுதான். 12 பிட்டில், அதாவது அதன் மிக நுணுக்கமான அளவில், அளந்து முடிக்க அதற்கு 750 மில்லிவிநாடி வரை பிடிக்கும். அதற்குள் மின்சாரம் விட்டு வந்தால் பழையபடி 85. பதிவு நேரங்களை ஒப்பிட்டேன். எல்லாமே ஜிஎஸ்எம் மோடம் (செல்போன் வலையமைப்பு வழியாகத் தரவு அனுப்பும் பாகம்) தரவு அனுப்பும் நேரம். அனுப்பும்போது அது கண நேரத்துக்கு 2 ஆம்பியர் வரை இழுக்கும், மின்னழுத்தம் சரியும்.

மோடத்தின் மின்இணைப்பை ஒட்டி 1000 மைக்ரோஃபாரட் கெப்பாசிட்டர் (மின்சாரத்தைச் சேமித்து, தேவைப்படும் கணத்தில் கொடுக்கும் பாகம்) வைத்தேன். வெப்பநிலையை அளந்து முடித்த பிறகே மோடம் விழிக்கும்படி நிரலை மாற்றினேன். அதன்பின் 85 தலைகாட்டவில்லை, அப்பாடா. சராசரி எடுக்கும் வரிகளையும் நீக்கியாயிற்று.