கமிஷன் ஆயிரம், ரேட்டில் இருபத்தோராயிரம்: வெளிநாட்டுக் கல்விக் கட்டணம் அனுப்பும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆகஸ்டிலும் ஜனவரியிலும் வங்கிக் கிளைகளுக்குப் போனால் இவர்களைப் பார்க்கலாம். பிள்ளையை வெளிநாட்டில் படிக்க வைத்திருக்கும் பெற்றோர். கையில் கல்லூரி அனுப்பிய இன்வாய்ஸ், பான் கார்டு நகல், வெளிநாட்டுக்குப் பணம் அனுப்பக் கேட்கும், பாதி நிரப்பிய ஏ2 படிவம். கடைசித் தேதிக்கு இரண்டு நாள்தான் இருக்கும். முதல் தடவை அனுப்புகிறவர்கள் எல்லோரும் ஒரே இடத்தில்தான் சறுக்குகிறார்கள். இன்று விவரம் தெரிந்தவர்களாக இருப்பவர்களும் ஒரு காலத்தில் சறுக்கிய இடம்தான் அது. கணக்கு எண்ணை இரண்டு தடவை சரிபாருங்கள், ஸ்விஃப்ட் கோடைத் தப்பாக எழுதாதீர்கள் என்பதெல்லாம் யாரும் சொல்லாமலே தெரியும். அவற்றை இங்கே விட்டுவிடுவோம்.

"சார்ஜ் எவ்வளவு?" என்று மட்டும் கேட்பது

கவுன்டரில் நடக்கும் உரையாடல் பெரும்பாலும் இவ்வளவுதான்.

"சார், அனுப்ப சார்ஜ் எவ்வளவு?"

"ஆயிரம் ரூபாய், பிளஸ் ஜிஎஸ்டி. அவ்வளவுதான் சார்."

கேட்டவருக்கு நிம்மதி. பத்து லட்சம் அனுப்புவதற்கு ஆயிரம்தானே என்று கையெழுத்துப் போட்டுவிடுவார். ஊழியர் சொன்னது பொய் இல்லை, கமிஷன் ஆயிரம்தான். ஆனால் உண்மையான செலவு டாலரை உங்களுக்கு என்ன விலைக்கு விற்கிறார்கள் என்பதில் இருக்கிறது. அதை இவர் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. எத்தனை வருடமானாலும் இந்த ஒரு விஷயத்தில் எரிச்சல் குறைவதில்லை. குடும்பம் சிறுகச் சிறுகச் சேர்த்த பணம் ஒரு கேள்வி கேட்காததால் போகிறது.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். கட்டணம் 12,000 டாலர். வங்கிகள் தங்களுக்குள் வாங்கி விற்கும் சந்தை விலை அந்த நேரத்தில் 88 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். கிளை உங்களுக்குப் போடும் விலை 89.75. டாலருக்கு 1.75 ரூபாய் வித்தியாசம், பார்த்தால் சில்லறை. 12,000 ஆல் பெருக்கினால் 21,000 ரூபாய்.

மற்ற செலவுகளையும் பக்கத்தில் வையுங்கள். கமிஷன் 1,000, அதன்மேல் ஜிஎஸ்டி 180. வெளிநாட்டு வங்கிப் பிடித்தத்தையும் நாமே ஏற்கும் கட்டணம் 1,500 என்று கொண்டால் ஜிஎஸ்டியோடு 1,770. நாணய மாற்றத்துக்கென்று தனியாக ஒரு ஜிஎஸ்டி உண்டு. மாற்றும் தொகை ஒரு லட்சம் வரை என்றால் அதில் 1 சதவீதம், குறைந்தது 250 ரூபாய், வரிக்குரிய மதிப்பு. ஒன்றிலிருந்து பத்து லட்சம் வரை 1,000 ரூபாயும் ஒரு லட்சத்துக்கு மேற்பட்டதில் 0.5 சதவீதமும். பத்து லட்சத்துக்கு மேல் 5,500 ரூபாயும் மீதியில் 0.1 சதவீதமும். அந்த மதிப்பின் மேல் 18 சதவீதம் வரி. நம் தொகை 10,77,000 ரூபாய், அதற்கு வரும் வரி 1,004. எல்லாம் சேர்த்து மொத்தச் செலவு 24,954 ரூபாய். அதில் 21,000, அதாவது நூற்றுக்கு 84 ரூபாய், ரேட்டில் போனது. ரசீதில் அதைப் பற்றி ஓர் எழுத்துகூட இருக்காது.

டாலரை எங்கே வாங்கினாலும் ஒப்பிட ஒரே அளவுகோல் போதும். கணக்கிலிருந்து எடுத்த மொத்த ரூபாயிலிருந்து டிசிஎஸ்ஸை (அனுப்பும்போதே வங்கி பிடிக்கும் வருமான வரி, பின்னால் வருகிறது) மட்டும் கழியுங்கள், மீதியை அங்கே போய்ச் சேர்ந்த டாலரால் வகுங்கள். நம் கணக்கில் 10,80,954 ரூபாயை 12,000 ஆல் வகுத்தால் 90.08. அதுதான் நீங்கள் ஒரு டாலருக்குக் கொடுத்த உண்மையான விலை. "ஜீரோ கமிஷன்" என்று விளம்பரம் செய்யும் இடத்துக்கும் இதே கணக்கைப் போடுங்கள். பெரும்பாலும் கமிஷன் ரேட்டுக்குள் குடியேறியிருக்கும்.

இந்த வித்தியாசம் எங்கிருந்து வருகிறது? வங்கிகள் காலையில் ஒரு கார்டு ரேட் வெளியிடும். அன்று முழுவதும் சந்தை எப்படி ஏறி இறங்கினாலும் வங்கிக்கு நஷ்டம் வராதபடி அதில் தாராளமாக இடம் விட்டிருப்பார்கள். சின்னத் தொகைக்கு உருவான விலை அது. பெரிய தொகைக்குக் கிளை தன் ட்ரெஷரியை, அதாவது நாணயம் வாங்கி விற்கும் பிரிவை, அழைத்து அந்த நிமிடச் சந்தையை ஒட்டிய விலை வாங்கித் தர முடியும். எந்தத் தொகையிலிருந்து என்பது வங்கிக்கு வங்கி மாறும். ஆனால் கேட்காதவருக்குக் கார்டு ரேட்தான்.

கேட்கும் முறையும் முக்கியம். "ரேட் கொஞ்சம் பார்த்துப் போடுங்க" என்றால் ஐந்து பைசா குறைத்துச் சிரிப்பார்கள். "ஐபிஆருக்கு மேல் எத்தனை பைசா போடுவீங்க?" என்று கேளுங்கள். ஐபிஆர் என்பது வங்கிகளுக்கிடையிலான சந்தை விலை. இந்தக் கேள்வி வந்தாலே எதிரே இருப்பவர் நிமிர்ந்து உட்காருவார், பேச்சு கிளை மேலாளரிடமோ ஃபாரெக்ஸ் டெஸ்கிடமோ போகும். நம் உதாரணத்தில் 175 பைசாவை 40 பைசாவாக இறக்கினால் செலவு 4,800 ரூபாய். மிச்சம் 16,200. பையனின் ஒரு மாத மளிகைச் செலவு அதில் அடங்கிவிடும்.

இதிலும் ஒரு வரிசை இருக்கிறது. விலை பேசுவதற்கு முந்தைய நாளே ஏ2 படிவம், இன்வாய்ஸ், சேர்க்கைக் கடிதம், பாஸ்போர்ட், விசா நகல் எல்லாவற்றையும் கொடுத்துச் சரிபார்த்து முடிக்கச் சொல்லுங்கள். ட்ரெஷரி தரும் விலை சில நிமிடம்தான் நிற்கும். பதினொன்றரை மணிக்கு நல்ல விலை வாங்கிவிட்டு, பிறகு "மகன் பாஸ்போர்ட் கடைசிப் பக்கம் இல்லையே" என்று தேடினால் அந்த விலை போய்விடும். மாலை நான்கு மணிக்கு ஏதோ ஒரு விலையில் பணம் போகும். எல்லாம் சரியாக இருக்கும் நாளில், சந்தை சுறுசுறுப்பாக இருக்கும் காலை பத்திலிருந்து பிற்பகல் மூன்றுக்குள் பேசி, ஒப்புக்கொண்ட விலையை மின்னஞ்சலில் ஒரு வரி போடச் சொல்லுங்கள். வாய்மொழி விலைக்கும் டெபிட் அட்வைஸில் (பணம் எடுத்ததற்கு வங்கி தரும் சீட்டு) வரும் விலைக்கும் நாற்பது பைசா வித்தியாசம் வந்தால் வாதாடக் கையில் ஏதாவது வேண்டும்.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். வங்கியின் ரேட் அட்டவணையில் டிடி (TT, கணக்கிலிருந்து கணக்குக்குப் போகும் பணம்) பையிங், டிடி செல்லிங், பில் செல்லிங், கரன்சி செல்லிங் என்று பல நெடுவரிசை இருக்கும். வங்கி விற்கிறது, நீங்கள் வாங்குகிறீர்கள். ஆகவே உங்களுக்குரியது டிடி செல்லிங். பையிங் விலையைப் பார்த்து மகிழ்ந்துவிட்டு வருகிறவர்கள் நிறைய. கூகுளில் வரும் விலை ஒப்பிட மட்டும்தான், அந்த விலைக்கு யாரும் தரமாட்டார்கள். எஃப்பிஐஎல் நிறுவனம் வேலை நாள்களில் பிற்பகல் வெளியிடும் ரெஃபரன்ஸ் ரேட்டோடு உங்கள் பழைய டெபிட் அட்வைஸை ஒப்பிட்டால் சென்ற முறை எவ்வளவு கொடுத்தீர்கள் என்பது தெரிந்துவிடும்.

டாலருக்கு இன்னொரு வழியும் உண்டு. கிளியரிங் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியா 2019 ஆகஸ்டிலிருந்து நடத்தும் எஃப்எக்ஸ்-ரீட்டெய்ல் தளத்தில் தனிநபரும் சந்தை விலையில் டாலர் வாங்கலாம். வங்கியின் பங்கு அதில் தனியாகத் தெரியும். பதிவுக்கு உங்கள் வங்கி ஒப்புதல் தர வேண்டும், அதற்கு நாளாகலாம். கட்டணத் தேதிக்கு முந்தைய வாரம் ஆரம்பிக்கும் வேலை இல்லை இது.

'ஷா' என்று டிக் செய்து அனுப்புவது

படிவத்தில் ஒரு மூலையில் மூன்று சின்னக் கட்டங்கள் இருக்கும். அவர் (OUR), ஷா (SHA), பென் (BEN). 'அவர்' என்றால் எல்லா வங்கிக் கட்டணமும் நம்முடையது. 'ஷா' என்றால் இங்குள்ளது நமக்கு, வழியிலும் அங்கும் பிடிப்பது பெறுபவருக்கு. 'பென்' என்றால் எல்லாமே பெறுபவர் தலையில். யாரும் எதுவும் சொல்லாவிட்டால் ஊழியர் பெரும்பாலும் 'ஷா' போட்டுவிடுவார்.

டாலர் இங்கிருந்து கிளம்பி நேராகக் கல்லூரிக் கணக்கில் இறங்குவதில்லை. நடுவில் ஒன்றோ இரண்டோ தொடர்பு வங்கிகள் உண்டு, ஒவ்வொன்றும் தன் கூலியை எடுத்துக்கொண்டு மீதியைத் தள்ளிவிடும். 12,000 அனுப்பினீர்கள், 11,978 போய்ச் சேர்ந்தது என்றால் கல்லூரிக் கணினிக்குக் கட்டணம் பாக்கி. பதிவு நிறுத்தப்படும், தாமதக் கட்டணமும் ஏறலாம். அந்த 22 டாலரைத் திரும்ப அனுப்புவதுதான் வயிற்றெரிச்சல். 1,975 ரூபாய் மதிப்புள்ள டாலருக்குக் கமிஷன், ஜிஎஸ்டி, வெளிநாட்டுப் பிடித்தம், நாணய மாற்ற வரி 45 ரூபாய் என்று மேலே சொன்ன கணக்குப்படியே 2,995 ரூபாய் செலவு.

கல்லூரிக் கட்டணத்துக்கு 'அவர்' போடுங்கள். அமெரிக்காவுக்கு அதுவும் சில சமயம் முதல் தொடர்பு வங்கியோடு நின்றுவிடும். அதனால் "ஃபுல் வேல்யூ கேரண்டி இருக்கா?" என்று தனியாகக் கேளுங்கள். அனுப்பிய அன்றே ஸ்விஃப்ட் நகல் வாங்கி, வங்கிக் கட்டணம் யாருடையது என்று காட்டும் இடத்தைப் (பழைய வடிவ நகலில் 71ஏ) பாருங்கள். நீங்கள் கேட்டது அங்கே இல்லை என்றால் அப்போதே சொல்லிவிடலாம்.

பவுண்டு கேட்டவருக்கு டாலர்

இன்வாய்ஸில் உள்ள நாணயத்தில்தான் அனுப்ப வேண்டும். டாலரில் அனுப்பினால் அங்குள்ள வங்கி தன் விலையில் பவுண்டாக்கும். இரண்டு மாற்றம், இரண்டு மார்ஜின்.

நோக்கக் குறியீட்டைப் பார்க்காமல் கையெழுத்துப் போடுவது

பிள்ளையின் வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் அனுப்பும்போது "குடும்பத்தார் பராமரிப்பு" என்று எஸ்1301 போட்டுவிடுவது வழக்கம். தவறான பழக்கம். படிப்புக்காக வெளிநாட்டில் இருப்பவரின் கட்டணம், விடுதி போன்றவற்றுக்கு எஸ்0305 இருக்கிறது. படிப்புக்குத் தேவையான அன்றாடச் செலவும், படிக்கப் போய்வரும் பயணச்சீட்டும் கல்வி என்ற நோக்கத்தில் அடங்கும் என்று வருமான வரித்துறை 2023 ஜூன் சுற்றறிக்கையிலேயே விளக்கியது.

இதில் பணம் எங்கே வருகிறது? 2025-26 நிதியாண்டில், ஒருவரின் பான் எண்ணில் எல்லா வங்கிகளையும் சேர்த்துப் பத்து லட்சத்தைத் தாண்டிய தொகைக்குக் கல்வி என்றால் 5 சதவீதம் டிசிஎஸ், பராமரிப்பு என்றால் 20 சதவீதம் என்று இருந்தது. அந்த விகிதத்தில், தாண்டிய தொகை மூன்று லட்சம் என்றால் 15,000 பிடிக்க வேண்டிய இடத்தில் 60,000 பிடித்திருப்பார்கள். எல்லாம் ஐந்து எழுத்துக் குறியீட்டால். இந்த விகிதங்கள் பட்ஜெட்டுக்குப் பட்ஜெட் மாறுகின்றன, ஒவ்வோர் ஏப்ரலிலும் புதிதாகக் கேட்டுக்கொள்ளுங்கள்.

டிசிஎஸ்ஸைச் செலவு என்று எழுதி மறப்பது

அது செலவு இல்லை, முன்கூட்டிக் கட்டிய வருமான வரி. அனுப்பியவரின் பான் எண்ணில், வருமான வரித்துறையின் வரி விவரப் பட்டியலில் (26ஏஎஸ்) நிற்கும். ரிட்டர்ன் தாக்கல் செய்தால் வரியில் கழியும், மீதி திரும்ப வரும். சம்பளக்காரர்கள் அலுவலகத்தில் தெரிவித்து மாதாமாதம் பிடிக்கும் டிடிஎஸ்ஸைக் குறைத்துக்கொள்ளலாம். இதற்காகவே யார் கணக்கிலிருந்து அனுப்புவது என்பதை யோசிக்க வேண்டும். வரி கட்டும் அளவு வருமானம் இல்லாத அம்மாவின் பெயரில் அனுப்பினால், அந்தத் தொகைக்காகவே அவர் ரிட்டர்ன் போட்டு ரீஃபண்டுக்குக் காத்திருக்க வேண்டும். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் சொந்தச் சேமிப்பு தனித்தனியாக இருந்தால் பத்து லட்ச வரம்பும் தனித்தனி. பிப்ரவரியில் ஒரு பகுதி, ஏப்ரலில் ஒரு பகுதி என்று கல்லூரி தவணை ஏற்றுக்கொண்டால் வரம்பு புதிதாகத் தொடங்கும்.

அங்கீகரிக்கப்பட்ட நிறுவனத்தின் கல்விக் கடனிலிருந்து அனுப்பினால் 2025 ஏப்ரல் முதல் டிசிஎஸ் கிடையாது. ஆனால் கடன் ஒரு வங்கியில், அனுப்புவது இன்னொரு வங்கியில் என்றால் கடன் ஒப்புதல் கடிதத்தை ஏ2-வுடன் இணைக்காதவரை அவர்களுக்கு அது சேமிப்புப் பணம்தான். ஆதாருடன் இணைக்காத பான் என்றால் விகிதம் இன்னும் ஏறும்.

வெள்ளிக்கிழமை மாலை

அனுப்ப வேண்டாம்.

கிரெடிட் கார்டு

பல கார்டுகளில் 3.5 சதவீதம் வரை மார்க்கப், அதன்மேல் ஜிஎஸ்டி. பல கல்லூரிகள் தங்கள் பங்குக்கு ஒரு கட்டணம் வைத்திருக்கின்றன. அவசரத்துக்கும் வேண்டாம்.

கல்லூரி தரும் கட்டணத் தளத்தைப் பார்க்காமலே ஒதுக்குவது

ஃப்ளைவயர், கன்வெரா போன்ற தளங்கள் வழியாகக் கட்டச் சொல்லும் கல்லூரிகள் உண்டு. இவ்வளவு ரூபாய் கட்டினால் முழுக் கட்டணமும் போய்ச் சேரும் என்று ஒரே எண் காட்டுவார்கள். நடுவழிப் பிடித்தம் பற்றிய கவலை அங்கே இல்லை. மார்ஜின் அந்த எண்ணுக்குள் இருக்கும். அந்த ரூபாயையும் டாலரால் வகுத்து உங்கள் வங்கியின் 90.08-க்குப் பக்கத்தில் வையுங்கள். எது குறைவோ அது. கிளையில் ஐபிஆர் பேசி வாங்கியவருக்குப் பெரும்பாலும் வங்கியே மலிவாக இருக்கும், கார்டு ரேட்டில் வாங்குகிறவருக்குத் தளம் மலிவாகலாம்.

விசா வருமுன் முழு வருடக் கட்டணத்தையும் கட்டுவது

விசா மறுக்கப்பட்டால் கல்லூரி பெரும்பாலும் பணத்தைத் திருப்பும், ஆனால் டாலராகத்தான் திருப்பும். வாங்கும்போது 89.75 கொடுத்தீர்கள். திரும்பி வரும்போது வங்கி டிடி பையிங் விலையில் எடுத்துக்கொள்ளும். அது 86.75 என்றால் 12,000 டாலருக்கு 36,000 ரூபாய் கை நழுவும், கல்லூரி ஒரு பைசா பிடிக்காவிட்டாலும். சேர்க்கையை உறுதி செய்ய எவ்வளவு டெபாசிட் கட்டாயம் என்று சேர்க்கைக் கடிதத்தில் இருக்கும். அதை மட்டும் கட்டுங்கள், மீதியை விசா கையில் வந்தபிறகு கட்டலாம். திரும்பி வரும் பணத்துக்கும் விலை பேசலாம். பணம் வந்த தகவல் கிடைத்ததும், ரூபாயாக மாற்றுமுன், கிளையை அழைத்து ட்ரெஷரி விலை கேளுங்கள். முதலில் அனுப்பியபோது வாங்கிய டெபிட் அட்வைஸ், ஸ்விஃப்ட் நகல், ஏ2 நகல் மூன்றையும் அப்போது கேட்பார்கள்.