டெல்டாவுல டாக்குமென்டரி எடுக்க வர்றவங்க தவிர்க்க வேண்டிய தவறுகள்

புதுசா படம் எடுக்கற தம்பி தங்கச்சிங்க ரஃப் கட் (முழுசா முடியாத முதல் எடிட்) அனுப்பறாங்க, ஒவ்வொண்ணுலயும் அதே தப்புங்க. மைக், லைட்டெல்லாம் நாலு படம் எடுத்தா தானா சரியாயிடும், அத விடுங்க. பேசுன ஆளுக்கு கேடு வர்றது சரியாகாது.

முகத்தை மட்டும் பிளர் பண்றது

இதப் பாத்தா இன்னும் எனக்கு ஆத்திரம் வரும். நாகப்பட்டினம் பக்கம் நடவுக்குப் போற ஒரு அக்கா, கூலியில ஆரம்பிச்சு டீக்கடை தனி கிளாஸ் வரைக்கும் ஒரு டீம்கிட்ட மனசு விட்டு பேசுனாங்க. முகம் பிளர், பேரும் மாத்தியாச்சு, ஆனா குரல் அவங்களோடது, பின்னாடி அவங்க வீட்டுப் பச்சைக் கதவு, அடுத்த ஷாட்ல ஊராட்சி பேரு எழுதுன தண்ணி டேங்க். வாட்ஸ்அப்ல சுத்துன அன்னைக்கே ஊருக்குத் தெரிஞ்சு போச்சு, அந்த சம்பா நடவுக்கு அவங்கள ஒருத்தரும் கூப்பிடல. சென்னையில பாக்கறவங்களுக்கு அடையாளம் தெரிஞ்சா அந்த அக்காவுக்கு என்ன வந்துச்சு, அவங்க பயந்ததே ஊருக்குள்ள வேலை குடுக்கற ஆளுக்குத்தான!

அதனால வேற ஊர்ல, சொந்தக்காரங்க வீட்டுல வச்சு எடுங்க. குரலோட பிட்ச் மாத்தறது பத்தாது, பேசற தோரணையிலயே கண்டுபிடிச்சுடுவாங்க, அவங்க சொன்னத வேற ஒருத்தர் குரல்ல பேச வைங்க. எடிட் முடியறதுக்கு முன்னாடி அவங்களுக்கே போட்டுக் காட்டுங்க, வேணாம்னா தூக்கிடுங்க. கேஸ் நடந்தா இன்னும் ஜாக்கிரதை. எஸ்சி/எஸ்டி வன்கொடுமை தடுப்புச் சட்டத்துல 2015 திருத்தத்துல வந்த 15ஏ பிரிவுப்படி சாட்சியோட பேரு, முகவரிய கோர்ட்டே மறைக்கலாம், அத நீங்க யூடியூப்ல போட்டுடாதீங்க.

சங்கத்துல இருக்கற அம்மாக்கள் சில பேரு முகத்தக் காட்டித்தான் பேசுவேன்பாங்க. அவங்களுக்கு பிளர் போட்டா குத்தவாளி மாதிரி ஆயிடும், கேட்டுட்டு செய்ங்க.

கையெழுத்து

இங்கிலீஷ் ஃபார்ம்ல வாங்குன கைநாட்டெல்லாம் சம்மதமே இல்ல.

வெண்மணின்னா அந்த ராத்திரி மட்டும்

1968 டிசம்பர் 25, நாகப்பட்டினம் பக்கம் கீழவெண்மணியில நிலக்கிழார் ஆளுங்க தீ வச்சதுல தலித் கூலிக் குடும்பங்கள்ல 44 பேரு குடிசைக்குள்ள எரிஞ்சு செத்தாங்க. வருஷா வருஷம் அந்தத் தேதிக்கு கேமராவோட போயி வயசானவங்கள அதையே திரும்பத் திரும்ப சொல்ல வைக்கறாங்க. கூலி நெல்ல ஏத்திக் கேட்ட போராட்டம்தான அது? இப்ப என்ன கூலி, அறுப்பு மெஷின் வந்தப்புறம் எத்தன நாள் வேலை இருக்குன்னு கேளுங்களேன், இளவட்டமும் வந்து பேசும்.

நடவு நேரத்துல பேட்டி

மேட்டூர்ல தண்ணி விட்டு வேலை சூடு பிடிச்சாச்சுன்னா பகல்ல போகாதீங்க. போயித்தான் ஆகணும்னா அன்னைக்குக் கூலியக் குடுத்துடுங்க.