விபத்து இழப்பீடு குறைவா? மேல்முறையீட்டில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சாலை விபத்தில் காயம்பட்டவருக்கு, இழப்பீட்டு வழக்குகளை விசாரிக்கும் மோட்டார் விபத்துத் தீர்ப்பாயம் குறைவாக இழப்பீடு கொடுத்திருந்தால், மோட்டார் வாகனச் சட்டத்தின் 173-ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். தமிழ்நாட்டில் ஊரைப் பொறுத்து சென்னை அல்லது மதுரைக் கிளை. இப்படி ஒரு வழி இருப்பது தெரிந்தும் பலருக்கு உரிய பணம் வராமல் போகிறது.

பெரும்பாலும் தவறு, தீர்ப்பைப் படிக்காததில் தொடங்குகிறது. மொத்தத் தொகையை மட்டும் கேட்டுவிட்டு “இது போதாது” என்று கிளம்பிவிடுகிறார்கள். கடைசிப் பக்கங்களில் ஓர் அட்டவணை இருக்கும்: வருமான இழப்பு, வலியும் வேதனையும், மருத்துவச் செலவு, உடனிருந்து கவனித்தவருக்கான செலவு, சத்துணவு, போக்குவரத்து. எந்தத் தலைப்பில், எதனால் குறைந்தது என்று சொல்ல முடிந்தால்தான் மேல்முறையீட்டுக்குக் கால் ஊன்ற இடம் கிடைக்கும். சத்துணவுக்கு ஐயாயிரம் கூட்டிக் கேட்பதில் பெரிய பலன் இல்லை. பணம் அதிகம் விடுபடுவது வருமான இழப்பில்தான்.

அதை ஒரு கணக்கோடு பார்ப்போம். 30 வயதுக் கொத்தனார், மாதம் 15,000 ரூபாய் வருமானம். கால் முறிந்து, இனிச் சாரம் ஏற முடியாது. மருத்துவக் குழு 40 சதவீத நிரந்தர ஊனம் என்று சான்று தருகிறது. ஒரு சதவீதத்துக்கு 5,000 ரூபாய் என்று தீர்ப்பாயம் கணக்கிட்டால் கிடைப்பது 2 லட்சம். உச்ச நீதிமன்றம் 2010-இல் ராஜ்குமார் வழக்கில் வேறு கேள்வியைக் கேட்கச் சொன்னது: இந்த ஊனம் இவருடைய தொழிலில் சம்பாதிக்கும் திறனை எவ்வளவு குறைத்தது? அதையும் 40 சதவீதம் என்றே வைத்துக்கொள்வோம். சுயதொழில் செய்பவர் 40 வயதுக்குள் இருப்பதால் எதிர்கால வருமான உயர்வுக்காக 40 சதவீதம் கூட்டினால் மாதம் 21,000. அதை 12-ஆலும், பெருக்கு எண்ணாலும் (வயதைப் பொறுத்து நீதிமன்றங்கள் எடுத்துக்கொள்ளும் எண்; 30 வயதுக்கு 17) பெருக்கி, 40 சதவீதம் எடுத்தால் 17,13,600 ரூபாய். அதே கால், அதே சான்றிதழ், வித்தியாசம் 15 லட்சம்.

எல்லோருக்கும் இந்தக் கணக்கு பொருந்தாது. அதே காயத்தோடு அதே சம்பளத்தில் அலுவலக வேலையைத் தொடர்பவருக்கு எதிர்கால வருமான இழப்பு என்று காட்டப் பெரிதாக ஒன்றும் இருக்காது. சான்றிதழில் உள்ள சதவீதம் ஒரு காலுக்கா, முழு உடலுக்கா என்றும் பாருங்கள். இரண்டையும் குழப்பிக்கொண்டு போனால் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும்.

இதையெல்லாம் மேல்முறையீட்டில் பார்த்துக்கொள்ளலாம் என்று தீர்ப்பாயத்தில் சும்மா இருந்துவிடுவது அடுத்த தவறு. புதிய ஆவணங்களை உயர் நீதிமன்றம் எளிதில் ஏற்காது. நல வாரிய அட்டை, வங்கிப் பாஸ்புக், வேலை கொடுத்த மேஸ்திரியின் சாட்சியம் எல்லாம் முதலிலேயே பதிவாகியிருக்க வேண்டும். என்ன வேலை செய்தார், இப்போது அதில் எதைச் செய்ய முடியவில்லை என்பதைக் காயம்பட்டவரே தன் சாட்சியத்தில் விரிவாகச் சொல்ல வேண்டும். “வேலைக்குப் போக முடியவில்லை” என்ற ஒற்றை வரி போதவே போதாது.

காலக்கெடு, தீர்ப்பு தேதியிலிருந்து 90 நாள். அதனால் தீர்ப்பு வந்ததுமே சான்றிட்ட நகலுக்கு மனுப் போட்டுவிடுங்கள். தகுந்த காரணம் இருந்தால் தாமதத்தை நீதிமன்றம் மன்னிக்கலாம். ஆனால் தாமதமான காலத்துக்கு வட்டி கிடையாது என்று நிபந்தனை போடுவதும் உண்டு. இன்னொன்று, சர்ச்சைக்குரிய தொகை ஒரு லட்சத்துக்குக் கீழே இருந்தால் இப்போது மேல்முறையீடே கிடையாது.

தீர்ப்புப்படி காப்பீட்டு நிறுவனம் டெபாசிட் செய்த பணத்தை எடுத்தால் மேல்முறையீட்டு உரிமை போய்விடும் என்று பயந்து, வட்டிக்குக் கடன் வாங்கி மருத்துவம் பார்ப்பவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பயம் வேண்டாம். நீதிமன்ற அனுமதியோடு பணத்தை எடுத்துக்கொண்டே கூடுதல் தொகை கேட்கலாம். ஆனால் “முழுத் திருப்தி” என்று எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள். மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் பேசும்போது இன்னும் கவனம் வேண்டும். அங்கே முடிந்த வழக்குக்கு மேல்முறையீடு கிடையாது. மேலே போட்ட கணக்கை வக்கீலோடு உட்கார்ந்து போட்டுப் பார்க்காமல் எந்தத் தொகைக்கும் தலையாட்டாதீர்கள்.

லைசென்ஸ் இல்லை என்பதற்காக உங்கள் மேலும் தவறு என்று தொகையைக் குறைத்திருந்தால், அதையும் எதிர்க்கலாம். லைசென்ஸ் இல்லாததே விபத்துக்குக் காரணமாகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் 2008-இலேயே சொல்லியிருக்கிறது.

சில வழக்குகளில் நாம் சும்மா இருக்க, தொகையைக் குறைக்கச் சொல்லி காப்பீட்டு நிறுவனம் மேலே போகும். அந்த நோட்டீஸை வாங்கி அலமாரியில் வைத்துவிடாமல் உடனே வக்கீலிடம் கொடுங்கள். நோட்டீஸ் வந்த ஒரு மாதத்துக்குள் கிராஸ் அப்ஜெக்‌ஷன் (எதிர் ஆட்சேபம்) தாக்கல் செய்து, நமக்கு விடுபட்டதை அதே வழக்கில் கேட்கலாம். வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள். மாற்றுத்திறனாளிகளுக்கும் பெண்களுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு.