எஞ்சிலாடா: மிளகாய்ச் சாற்றில் ஊறவிட்டுச் சுட்டெடுக்கும் கோழிச் சுருள்

‘எஞ்சிலாடா’ என்ற ஸ்பானியச் சொல்லுக்கு மிளகாய் பூசியது என்று பொருள். சீஸ் கொட்டியது என்று பொருள் இல்லை. மெக்சிகோவில் டோர்ட்டியா என்ற மெல்லிய ரொட்டியை மிளகாய்ச் சாற்றில் முக்கி, உள்ளே ஏதாவது வைத்துச் சுருட்டித் தின்பார்கள். மேலே சீஸ் தூவி ஓவனில் சுடுவது அதில் ஒரு வகை. ஆக, இந்தச் சமையலில் பாதிக்கு மேல் வேலை சாற்றில்தான் இருக்கிறது. சாறு கசந்துபோனால் எத்தனை சீஸ் போட்டாலும் மறைக்க முடியாது.

மலேசியாவில் சுங்கை சிப்புட் மாதிரி தோட்டப் பட்டணத்தில் இருப்பவர்களுக்கு இதில் அலைச்சல் குறைவு. காய்ந்த மிளகாய், கோழி, தக்காளி, கொத்தமல்லி எல்லாம் காலைப் பாசாவிலேயே (சந்தையிலேயே) ஆகிவிடும். கோதுமை டோர்ட்டியாவும் மோசரெல்லா சீஸும் மட்டும் சூப்பர்மார்க்கெட் குளிர்பெட்டியில் பார்க்க வேண்டும். அங்கே இல்லையென்றால் அடுத்த முறை ஈப்போ போகும்போது வாங்கி வந்து உறைபெட்டியில் வைத்துக்கொள்ளலாம். உறைபெட்டியிலிருந்து எடுத்த டோர்ட்டியாவை நேரே பிரிக்காதீர்கள், கிழியும். முதல் நாள் இரவே குளிர்பெட்டியின் கீழ்த்தட்டுக்கு மாற்றிவிடுங்கள்.

கீழே உள்ள அளவு 8 சுருளுக்கு, 4 பேருக்குச் சரியாக இருக்கும். பாத்திரம் 20 செ.மீ. அகலம், 30 செ.மீ. நீளம்.

சாற்றுக்கு: காரம் குறைந்த காஷ்மீர் வகைக் காய்ந்த மிளகாய் 10, சாதாரணக் காய்ந்த மிளகாய் 5, நன்றாகப் பழுத்த தக்காளி 3, பெரிய வெங்காயம் 1, பூண்டு 5 பல், சீரகம் 1 தேக்கரண்டி, கற்பூரவல்லி இலை 2, எண்ணெய் 2 மேசைக்கரண்டி, கோழி வெந்த தண்ணீர் 400 மி.லி., வினிகர் 1 தேக்கரண்டி, உப்பு.

உள்ளே வைக்க: எலும்போடு கோழித் தொடை 800 கிராம், பெரிய வெங்காயம் 1, பூண்டு 3 பல், மிளகு 5, சிலி பாடி (காரமான சின்ன மிளகாய்) 2, எலுமிச்சை பாதி, கொத்தமல்லி ஒரு கைப்பிடி. 20 செ.மீ. டோர்ட்டியா 8. மோசரெல்லாவும் செடாரும் கலந்து 230 கிராம். துருவிப் பாக்கெட்டில் வரும் சீஸைவிடக் கட்டியாக வாங்கி வீட்டில் துருவுவது மேல். துருவல் ஒன்றோடொன்று ஒட்டாமலிருக்க அதில் மாவு தூவியிருப்பார்கள். அதனால் அது இழையாக உருகாமல் திட்டுத்திட்டாக நிற்கும்.

மிளகாய்

மெக்சிகோவில் இதற்குக் குவாஹியோ, ஆஞ்சோ என்ற காய்ந்த மிளகாய்களை எடுப்பார்கள். நிறமும் பழவாசனையும் தூக்கலாக இருக்கும், காரம் மட்டு. நம் குழம்பு மிளகாயை அதே எண்ணிக்கையில் அள்ளிப் போட்டால் வாயில் வைக்க முடியாது. அதற்காக எண்ணிக்கையைக் குறைத்தால் சாறு வெளிறி, தண்ணீராக நிற்கும். ஏனென்றால் இங்கே சாற்றுக்குக் கெட்டியைக் கொடுப்பதே மிளகாயின் தோல்தான். அதனால்தான் நிறத்துக்கு 10, காரத்துக்கு 5 என்று இரண்டு வகை. காஷ்மீர் மிளகாய் கிடைக்காவிட்டால் சாதாரணக் காய்ந்த மிளகாய் 6, பச்சையாக விற்கும் பெரிய சிவப்பு மிளகாய் 4 எடுத்து, இரண்டிலும் விதையைச் சுத்தமாக நீக்கிவிடுங்கள். மிளகாய்த்தூளில் செய்தால் மணல் கடித்த மாதிரி இருக்கும். வேண்டாம்.

காம்பைக் கிள்ளி, கத்தரியால் நெடுக வெட்டி, விதையை உதறுங்கள். தோசைக்கல்லை மிதமான சூட்டுக்குக் கொண்டுவந்து தீயைக் குறைத்துவிட்டு, மிளகாயை விரித்துப் போட்டு, கரண்டியால் ஒரு அழுத்து அழுத்துங்கள். ஒரு பக்கத்துக்கு 15 முதல் 20 விநாடி போதும். வறண்டு மொறுமொறுத்த தோல் இளகி வளையத் தொடங்கும். உலர்ந்த திராட்சை மாதிரி ஒரு வாசம் எழும். அந்த நிமிடமே எடுத்துவிட வேண்டும். மூக்கில் ஏறி இருமல் வந்தால் தாண்டிவிட்டீர்கள் என்று அர்த்தம். தாளிப்பில் மிளகாய் கறுப்பது நமக்குப் பழக்கம், ஆனால் அங்கே ஒன்றோ இரண்டோதான் கறுக்கிறது. இங்கே பதினைந்தையும் அரைத்துச் சாறாக்கப் போகிறோம். ஒன்று கருகினாலும் கசப்பு முழுச் சட்டியிலும் இறங்கும். கருகியதைத் தயங்காமல் தூக்கிப் போட்டுவிட்டு வேறொன்று எடுங்கள்.

வறுத்த மிளகாயைக் கொதித்து இறக்கிய வெந்நீரில் 20 நிமிடம் ஊற வையுங்கள். மேலே மிதக்கும்; ஒரு தட்டைக் கவிழ்த்து அமுக்கி வைக்கலாம். ஊறிய தண்ணீரை ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பாருங்கள். கசந்தால் கொட்டிவிடுங்கள், பெரும்பாலும் கசக்கும்.

கோழி

தொடைக்கறி, வெங்காயத்தில் பாதி, பூண்டு, மிளகு, உப்பு 1 தேக்கரண்டி, தண்ணீர் 900 மி.லி. கொதி வந்ததும் தீயைக் குறைத்து 25 நிமிடம். தளதளவென்று கொதிக்க விட்டால் கறி நார்நாராக இறுகும். நெஞ்சுக்கறிதான் பிடிக்குமென்றால் 15 நிமிடத்தில் பார்த்துவிடுங்கள். வெப்பமானி இருந்தால் கறியின் தடித்த இடத்தில் 74 டிகிரி செல்சியஸ். வெந்தபிறகு அதே தண்ணீரில் 10 நிமிடம் கிடக்கட்டும், பிறகு எலும்பை எடுத்துவிட்டு இரண்டு முள்கரண்டியால் பிய்த்துக்கொள்ளுங்கள். 400 கிராமுக்கு மேல் கறி தேறும். தண்ணீரை வடிகட்டி வைத்துக்கொள்ளுங்கள்.

மஞ்சள்தூள் டப்பா பக்கம் கை தானாகப் போகும். கறிவேப்பிலை, கரம் மசாலா பக்கமும்தான். அவற்றைப் போட்டால் ருசி கெடாது, ஆனால் கிடைப்பது கோழிக்கறி வைத்த சப்பாத்தியாக இருக்கும். கற்பூரவல்லி மட்டும் விதிவிலக்கு. மெக்சிகோ ஓரிகானோ இங்கே கிடைப்பது அரிது. அதன் வாசத்தைத் தரும் கார்வக்ரோல் என்ற எண்ணெய்ப் பொருள் வாசலில் சளிக்கு வளர்க்கும் கற்பூரவல்லியிலும் உண்டு. 2 இலைக்கு மேல் போனால் கஷாயம் ஆகிவிடும்.

சாறு

அதே தோசைக்கல்லில் தீயைக் கூட்டி, தக்காளி, வெங்காயம், தோலோடு பூண்டு மூன்றையும் அங்கங்கே கறுப்புப் புள்ளி விழும்வரை சுடுங்கள். இதில் கறுப்பு விழலாம், மிளகாயில்தான் கூடாது. பூண்டுத் தோலை உரித்துவிட்டு, ஊறிய மிளகாய், வறுத்த சீரகம், கற்பூரவல்லி, கோழித் தண்ணீர் 150 மி.லி. எல்லாம் பிளண்டரில் போட்டு முழுதாக 2 நிமிடம் ஓட்டுங்கள். கம்பி வடிகட்டியில் ஊற்றி, கரண்டியின் முதுகால் அழுத்தித் தேயுங்கள். அரைபடாத தோல் ஒரு கைப்பிடி நிற்கும். சோம்பலில் இதை விட்டால் அந்தத் தோல் பல்லிடுக்கில் ஒட்டும்.

அடிகனமான சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் சாற்றை ஊற்றுங்கள். தெறிக்கும், மூடியைக் கையில் வைத்திருங்கள். நடுத்தரத் தீயில் 7, 8 நிமிடம் கிளறினால் செங்கல் நிறம் மாறி அரக்குச் சிவப்பாகும், ஓரத்தில் எண்ணெய் பிரியும். குழம்பு வைக்கிறவர்களுக்கு இந்த இடத்தைச் சொல்லித் தர வேண்டியதில்லை. மீதிக் கோழித் தண்ணீரை விட்டு 10 நிமிடம் மெல்லக் கொதிக்க விடுங்கள். பதம் இப்படிப் பார்க்கலாம்: கரண்டியைச் சாற்றில் முக்கி எடுத்து, அதன் முதுகில் விரலால் ஒரு கோடு இழுங்கள். கோடு மூடாமல் நிற்க வேண்டும், ஆனால் சாறு கரண்டியிலிருந்து வழியவும் வேண்டும். சட்னிக் கெட்டி ஆகிவிட்டால் ஓவனில் வறண்டு வெடிக்கும். வினிகரைக் கடைசியில் விடுங்கள். உப்பைக் கொஞ்சம் குறைத்தே போடுங்கள், சீஸில் இருக்கிறது.

லேசாகக் கசக்கிறதா? அரைத் தேக்கரண்டி வெல்லம் அதைச் சரிக்கட்டும். நன்றாகவே கசந்தால் வெல்லம் உதவாது, திரும்ப அரைக்க வேண்டியதுதான்.

டோர்ட்டியா

அசல் டோர்ட்டியா சோளத்தில் செய்வது. சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து, ஊறவிட்டுத் தோல் கழற்றி அரைப்பார்கள். வெற்றிலைக்குப் பூசுகிறோமே, அதே நீற்றிய சுண்ணாம்பு. அப்படிப் பதப்படுத்தினால்தான் மாவு ஒன்றோடொன்று பிடித்துக்கொள்ளும். அதை உலர்த்திப் பொடித்த மாவுக்கு மாசா ஹரினா என்று பெயர். கடையில் ‘தெப்போங் ஜாகோங்’ என்று விற்பது இதுவல்ல. அது சோளத்தின் ஸ்டார்ச். சூப்பைக் கெட்டியாக்க ஆகும், ரொட்டிக்கு ஆகாது. வட இந்திய மஞ்சள் சோளமாவும் சுருட்டும்போது உடையும். மாசா கிடைத்தால் 200 கிராமுக்கு வெதுவெதுப்பான தண்ணீர் 280 மி.லி., உப்பு அரைத் தேக்கரண்டி சேர்த்துப் பிசைந்து, ஈரத்துணி போட்டு 30 நிமிடம் விடுங்கள். 12 உருண்டை, பிளாஸ்டிக் தாள்களுக்கு நடுவே 15 செ.மீ. வட்டமாக அழுத்தி, சூடான கல்லில் சுடலாம். உருண்டையை நசுக்கும்போது ஓரம் பிளந்தால் தண்ணீர் போதவில்லை.

சோள டோர்ட்டியாவைச் சாற்றில் போடும் முன் சூடான எண்ணெயில் ஒரு பக்கத்துக்கு 5 விநாடி காட்டி எடுக்க வேண்டும். அந்த எண்ணெய்ப் படலம் சாறு உள்ளே ஊறிக் கூழாவதைத் தடுக்கும். கோதுமை டோர்ட்டியாவுக்கு எண்ணெய்க் குளியல் வேண்டாம். உலர்ந்த கல்லில் பக்கத்துக்கு 20 விநாடி, பழுப்புப் புள்ளி விழும்வரை. பிறகு துணிக்குள் மூடி வையுங்கள். குளிர்ந்ததைச் சுருட்டினால் நடுவில் கிழியும்.

சப்பாத்தியில் செய்யலாமா? மெல்லியதாக இட்டு, முக்கால் பதம் சுட்டு, அன்றைக்கே சாப்பிடுவதானால் செய்யலாம். ஆறினால் தோல் மாதிரி இழுக்கும். ரொட்டி சானாயில் செய்யவே கூடாது. அடுக்குகளுக்குள் சாறு இறங்கிப் பிரிந்துபோகும்.

அடுக்குவதும் சுடுவதும்

குவாலியில் (வாணலியில்) 1 மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, மீதிப் பாதி வெங்காயத்தையும் சிலி பாடியையும் பொடியாக நறுக்கி வதக்கி, கோழியும் 4 மேசைக்கரண்டி சாறும் சேர்த்து ஈரம் வற்றும்வரை கிளறுங்கள். கரண்டியால் ஒதுக்கினால் அடியில் தண்ணீர் ஓடக்கூடாது. சுட்டபிறகு பாத்திரத்தில் குளம் கட்டுவதற்கு முதல் காரணம் இந்த ஈரம்தான். எலுமிச்சை பிழிந்து ஆறவிட்டு, கொத்தமல்லியும் 80 கிராம் சீஸும் கலந்துகொள்ளுங்கள். சூடாகவே வைத்துச் சுருட்டினால் ஆவி டோர்ட்டியாவை உள்ளிருந்தே நனைத்துவிடும்.

ஓவனை 190 டிகிரியில் 15 நிமிடம் முன்பே போட்டுவிடுங்கள். பழைய வீடுகளில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மேசை ஓவன் 1,800 வாட், தண்ணீர்க் கெட்டில் 2,200 வாட் என்றால் இரண்டும் சேர்ந்து 4,000. நம் 13 ஆம்பியர் பிளக் தாங்குவது 3,000 வாட் அளவுக்குத்தான். இரண்டையும் ஒரே நீட்டு வயரில் மாட்டினால் ஃபியூஸ் போகும், வயரும் சுடும். ஓவனை நேரே சுவர்ப் பிளக்கில் மாட்டுங்கள்.

பாத்திரத்தின் அடியில் அரைக் கப் சாறு பரப்புங்கள். டோர்ட்டியாவின் ஒரு பக்கம் மட்டும் சாறு தடவி, அந்தப் பக்கத்தில் 3 மேசைக்கரண்டி கோழியை வைத்து இறுக்கிச் சுருட்டி, மடிப்பு கீழே இருக்கும்படி நெருக்கி அடுக்குங்கள். மேலே ஊற்றும் சாற்றை ஓவனில் வைக்கும் நிமிடம் வரை ஊற்ற வேண்டாம். ஊற்றும்போது இரண்டு முனைகளிலும் படும்படி ஊற்றுங்கள். சாறு படாத முனை அப்பளமாகும். சீஸ் 150 கிராம் நடுவில்.

அலுமினியத் தாளால் மூடி 12 நிமிடம், திறந்து இன்னும் 8 முதல் 10 நிமிடம். தாள் சீஸில் படாமல் கூடாரம் மாதிரி நிற்கட்டும். மேசை ஓவனில் மேல்கம்பி பக்கத்திலேயே இருப்பதால் கீழ்த்தட்டில் வையுங்கள், இல்லாவிட்டால் உள்ளே சூடேறும் முன் சீஸ் கருகும். ஏர் ஃபிரையரில் சிறு தட்டில் 4 சுருள், 170 டிகிரி, 10 முதல் 12 நிமிடம்; முதல் பாதி மூடியே இருக்கட்டும், காற்று சீஸைத் தூக்கும். ஓவனே இல்லையென்றால் மூடிபோட்ட கனமான சட்டியில் சிறு தீயில் 10 நிமிடம். மேல் சிவக்காது, ருசியில் பெரிய குறை இல்லை.

எடுத்ததும் 10 நிமிடம் தொடாதீர்கள். உடனே வெட்டினால் சீஸும் கறியும் கரண்டியோடு வழிந்து வரும். பிறகு எலுமிச்சைச் சாற்றில் ஊறிய வெங்காய வளையம், மெல்லியதாக அரிந்த முட்டைக்கோஸ், உப்பு போட்டு அடித்த கெட்டித் தயிர் எல்லாம் மேலே. தயிரை ஓவனுக்குள் காட்டாதீர்கள், திரிந்துவிடும். மெக்சிகோவில் உதிர்த்துத் தூவும் கேசோ ஃப்ரெஸ்கோ என்ற வெள்ளைச் சீஸுக்குப் பதில் பன்னீரை உதிர்க்கலாம். இரண்டும் சூட்டில் உருகாத வகை.

விருந்துக்கு முன்கூட்டியே செய்வதானால் சாறு குளிர்பெட்டியில் 3, 4 நாள் தாங்கும். சாறு ஊற்றாத சுருள்களை இறுக்க மூடி ஒரு இரவு வைக்கலாம். அப்படி எடுத்ததை மூடிய நிலையில் இன்னும் 8 நிமிடம் கூடுதலாகச் சுடுங்கள். சுட்டதை நம் வெக்கையில் 2 மணி நேரத்துக்கு மேல் மேசையில் விடாதீர்கள். மிஞ்சிய சாறு அரைக் கப் இருந்தால் மறுநாள் காலை குவாலியில் சுடவைத்து, அதன்மேல் இரண்டு முட்டையை உடைத்து ஊற்றி மூடுங்கள்.