வீட்டுக்கடனின் உண்மை விலை: தவணைத் தொகையை மட்டும் பார்த்தது என் பிழை

யாழ்ப்பாணம் கோண்டாவிலில் வீடு கட்ட 50 இலட்சம் கடன், வருசத்துக்கு 12 வீத வட்டி, 20 வருசம். மாதத்தவணை ஏறத்தாழ 55,054 ரூபாய். கட்டுப்படியாகும் போலத்தான் தெரியும். ஆனால் 240ஆல் பெருக்கினால் 132 இலட்சம். வட்டி மட்டும் 82 இலட்சம். முதல் மாதத் தவணையில் 50,000 வட்டிக்கே போக, முதலில் (கடனாக வாங்கிய தொகையில்) கழிவது 5,054 தான்.

இதைக் கண்டது எக்செலில். வருசம் 12 வீதம் என்றால் மாதம் 1 வீதம்; மிச்ச முதலை 0.01ஆல் பெருக்கினால் அந்த மாத வட்டி. தவணையில் அதைக் கழித்தால் முதலுக்குப் போனது. இப்படியே 240 வரி.

திருத்தியது: மாதம் 5,000 கூடக் கட்டுவது. கடன் 15 வருசத்தில் முடியும், வட்டியில் சுமார் 24 இலட்சம் மிச்சம். வெளிநாட்டுக் காசு வந்தால் மதில் கட்டுவதற்கு முன் இதற்குப் போடுங்கோ. "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கோ" என்று வங்கிக்குக் கடிதமாகவே குடுக்க வேணும். முற்கூட்டிக் கட்டுவதற்கு அறவிடும் கட்டணத்தையும் கேளுங்கோ.

மாறும் வட்டி என்றால் கவனம். தொடக்கத்திலேயே 14 வீதமானால் மாத வட்டி 58,333. பழைய தவணை வட்டிக்கே காணாது, கடன் வளரும். நொத்தாரிசு, மதிப்பீடு, காப்புறுதிச் செலவுகள் வேறு.