கேம் திறக்கவில்லையா? அழிப்பதற்கு முன் இதையெல்லாம் பாருங்கள்

தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய கேரளத்துக் கொழிஞ்சாம்பாறையில் எங்கள் வீட்டுத் திண்ணைக்கு மாதம் நான்கைந்து கம்ப்யூட்டராவது வந்துவிடும். கடையெல்லாம் வைக்கவில்லை. பக்கத்து வீட்டுக்கு ஒரு தடவை பார்த்துக் கொடுத்தேன், அது அப்படியே பரவிவிட்டது. போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, கோபாலபுரம் பக்கத்திலிருந்து பத்தாவது படிக்கும் பையன் ஒருவன் சிபியு பெட்டியைப் போர்வையில் சுற்றி, மாமாவின் ஸ்கூட்டரில் முன்னால் வைத்துக் கொண்டு வந்தான். கேம் திறக்கவில்லையாம்.

"மூணு தடவ அழிச்சுட்டு மறுபடி எறக்கிட்டேங்ணா, அப்பவும் வரல."

48 ஜிபி கேம். வீட்டில் பிராட்பேண்ட் இல்லை, போன் ஹாட்ஸ்பாட்தான். நாளுக்கு 2 ஜிபி என்று வைத்தால் ஒரு தடவை இறக்க 24 நாள். மூன்று தடவைக்கு 72 நாள். அந்தப் போன் பாதி நேரம் தமிழ்நாட்டு டவரையும் பாதி நேரம் கேரளா டவரையும் பிடித்துக்கொண்டு தள்ளாடுவது தனிக் கதை.

அவனோடு உட்கார்ந்து பார்த்த வரிசையையே இங்கே எழுதுகிறேன். விண்டோஸ் 10, 11 இரண்டுக்கும் பொருந்தும். செலவில்லாத வேலை முதலில், நேரத்தைத் தின்னும் வேலை பிறகு. ஒரே நிபந்தனை: அன்இன்ஸ்டால் பட்டனைக் கடைசிவரை தொடாதீர்கள்.

படி 1: என்ன நடக்கிறது என்று ஒரு வரியில் எழுதுங்கள்

"கேம் வரல" என்பது போதாது. கிளிக் செய்தால் ஒன்றுமே நடக்கவில்லையா? கறுப்புத் திரை வந்து இரண்டு நொடியில் மறைகிறதா? ஏதாவது செய்தி வருகிறதா? மூன்றும் மூன்று வேறு நோய்கள். செய்தி வந்தால் ஓகே அழுத்தி விரட்டாமல் போனில் படம் எடுத்து வையுங்கள். நேற்றுவரை ஓடிய கேமா, இன்றுதான் முதல் முறையா என்பதையும் சேர்த்து எழுதுங்கள். நேற்றுவரை ஓடியது என்றால் இடையில் என்ன மாறியது என்று யோசித்தாலே பாதி வேலை முடிந்துவிடும்.

படி 2: ரீஸ்டார்ட், ஷட்டவுன் அல்ல

இரண்டும் ஒன்றுதானே என்று கேட்பார்கள். இல்லை. விண்டோஸில் ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் என்றொரு வசதி இருக்கிறது. அது இயங்கும் கம்ப்யூட்டரில் ஷட்டவுன் கொடுத்தால் விண்டோஸின் உட்பகுதியும், பாகங்களை இயக்கும் மென்பொருள்களான டிரைவர்களும் அப்படியே டிஸ்க்கில் எழுதி வைக்கப்பட்டு, மறுநாள் அதே நிலையில் எழுப்பப்படும். நேற்றைய கோளாறும் கூடவே எழுந்துவிடும். ரீஸ்டார்ட் கொடுத்தால்தான் எல்லாம் புதிதாகத் தொடங்கும்.

அப்புறமும் கிளிக்குக்குப் பதில் இல்லையென்றால் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். டாஸ்க் மேனேஜர் வரும். அதில் கேமின் பெயர் ஏற்கெனவே இருக்கிறதா பாருங்கள். முந்தைய முயற்சி சாகாமல் பின்னால் ஒளிந்திருந்தால் புதிதாகத் திறக்க விடாது. அதைத் தேர்ந்தெடுத்து எண்ட் டாஸ்க்.

படி 3: தேதியைப் பாருங்கள்

சிரிக்காதீர்கள். பழைய டெஸ்க்டாப்பில் மதர்போர்டில் இருக்கும் காசு அளவுப் பேட்டரி தீர்ந்துவிட்டால், கரண்ட் போய் வரும்போதெல்லாம் தேதி பல வருடம் பின்னால் ஓடிவிடும். தேதி தப்பாக இருந்தால் கேம் லாஞ்சரால் (ஸ்டீம், எபிக் போல கேமை இறக்கித் திறந்துவிடும் மென்பொருள்) தன் சர்வரை நம்ப முடியாது, லாகின் ஆகாது. சிஆர்2032 என்று கேட்டால் வாட்ச் கடையிலேயே கிடைக்கும். கரண்டை முழுவதும் துண்டித்துவிட்டு மாற்றுங்கள்.

படி 4: ஃபைல்களைச் சரிபார்க்கச் சொல்லுங்கள்

அழித்துவிட்டு மறுபடி இறக்குவதற்குப் பதில் செய்ய வேண்டியது இதுதான். இறங்கிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனாலோ நெட் அறுந்தாலோ நூற்றுக்கணக்கான ஃபைல்களில் ஒன்றிரண்டு கெட்டுவிடலாம். அந்த ஒன்றிரண்டுக்காக 48 ஜிபியையும் தூக்கி எறிய வேண்டாம்.

ஸ்டீம் என்றால் லைப்ரரியில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து, பிராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அங்கே வெரிஃபை என்று தொடங்கும் பட்டன். எபிக் லாஞ்சரில் கேமின் பக்கத்திலுள்ள மூன்று புள்ளி, மேனேஜ், வெரிஃபை. கெட்டதை மட்டும் கண்டுபிடித்து அதை மட்டும் மறுபடி இறக்கும். ஹார்ட் டிஸ்க் பழையதாக இருந்தால் இதற்கே அரை மணி நேரம் ஆகலாம், பொறுங்கள். வெரிஃபை செய்யும் ஒவ்வொரு தடவையும் புதிது புதிதாக ஃபைல் கெட்டிருக்கிறது என்று சொன்னால் கேமை விடுங்கள், டிஸ்க்கோ ராமோ போய்க்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். முதலில் குடும்ப போட்டோக்களை வேறு இடத்தில் எடுத்து வையுங்கள்.

காப்பி அடித்த கேமுக்கு இந்தப் பட்டன் கிடையாது. பென் டிரைவில் வாங்கி வந்த கேம் திறக்கவில்லை என்று வருபவர்களிடம் நான் கை வைப்பதில்லை. ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் எந்தக் குறிப்பையும் நம்பமாட்டேன்.

படி 5: டிஎல்எல் இல்லை என்று செய்தி வந்தால்

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பகிர்ந்துகொள்ளும் துணை ஃபைல். பயமுறுத்தும் செய்திதான், ஆனால் இருப்பதிலேயே சுலபமான நோய். காணவில்லை என்று சொல்லும் ஃபைலின் பெயரைப் படியுங்கள்.

எம்எஸ்விசிபி140 அல்லது விசிரன்டைம்140 என்று இருந்தால் மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தொகுப்பு இல்லை அல்லது சிதைந்திருக்கிறது. மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்தே இறக்குங்கள். எக்ஸ்86, எக்ஸ்64 என்று இரண்டு இருக்கும். உங்கள் விண்டோஸ் 64 பிட் ஆனாலும் இரண்டையும் போடுங்கள், ஏனென்றால் கேம் 32 பிட்டாக இருக்கலாம்.

டி3டிஎக்ஸ்9 என்று தொடங்கும் பெயர் என்றால் பழைய டைரக்ட்எக்ஸ் (கேமின் படங்களைத் திரையில் வரைய உதவும் விண்டோஸ் தொகுப்பு) துணை ஃபைல்கள் இல்லை. "என்னிடம்தான் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே?" இருக்கலாம். ஆனால் அந்தப் பழைய துணை ஃபைல்கள் அதனோடு சேர்ந்து வருவதில்லை. மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம் தொகுப்பில் அவை இருக்கின்றன. அதைப் போட்டால் 12 போய் 9 வந்துவிடாது, பக்கத்தில் உட்கார்ந்துகொள்ளும்.

ஒன்று மட்டும் செய்யாதீர்கள். டிஎல்எல் ஃபைலை ஒற்றையாகக் கொடுக்கும் தளங்களிலிருந்து இறக்கி சிஸ்டம் ஃபோல்டரில் போடாதீர்கள். அதில் வைரஸ் இருக்கலாம். வைரஸ் இல்லாவிட்டாலும் 64 பிட் இருக்க வேண்டிய இடத்தில் 32 பிட் போய் உட்கார்ந்து, 7பி என்று முடியும் பிழை எண்ணைக் கொண்டுவரும். அந்த எண்ணோடு என் திண்ணைக்கு வந்தவர்களில் பலரும் இந்த வேலையைச் செய்துவிட்டு வந்தவர்கள்தான்.

படி 6: கிராஃபிக்ஸ்

இங்கேதான் பலருக்கும் மனசு உடையும்.

முதலில் சுலபமானதைப் பாருங்கள். தனி கிராஃபிக்ஸ் கார்டு போட்ட டெஸ்க்டாப் என்றால் மானிட்டர் வயர் எங்கே செருகியிருக்கிறது? கார்டில் செருகாமல் மதர்போர்டில் செருகிவிட்டு, கார்டு வேலை செய்யவில்லை என்று புலம்பியவர்கள் உண்டு. அடுத்து டிவைஸ் மேனேஜரில் டிஸ்ப்ளே அடாப்டர்ஸைத் திறங்கள். மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்ப்ளே அடாப்டர் என்று இருந்தால் டிரைவரே இல்லை. என்விடியா, ஏஎம்டி, இன்டெல், எது உங்களுடையதோ அவர்கள் தளத்திலிருந்து எடுத்துப் போடுங்கள். டிரைவர் அப்டேட்டர் என்று விளம்பரத்தில் வரும் மென்பொருள்கள் வேண்டாம்.

சில லேப்டாப்களில் இரண்டு கிராஃபிக்ஸ் இருக்கும், சிப்போடு சேர்ந்தது ஒன்று, தனியானது ஒன்று. செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ் போய் கேமைச் சேர்த்து ஹை பெர்ஃபார்மன்ஸ் கொடுங்கள்.

அடுத்து, விண்டோஸ் கீயையும் ஆர் கீயையும் சேர்த்து அழுத்தி வரும் சின்னப் பெட்டியில் டி, எக்ஸ், டி, ஐ, ஏ, ஜி என்ற ஆறு ஆங்கில எழுத்துகளைத் தட்டுங்கள். முதல் பக்கத்தில் டைரக்ட்எக்ஸ் 12 என்று இருக்கும். அதைப் பார்த்து ஏமாறாதீர்கள். அது விண்டோஸிடம் இருப்பது. உங்கள் கிராஃபிக்ஸால் என்ன முடியும் என்பது டிஸ்ப்ளே என்ற அடுத்த பக்கத்தில், ஃபீச்சர் லெவல்ஸ் என்ற வரியில் இருக்கும். அங்கே 12 என்று தொடங்கும் எண் ஒன்றுமே இல்லையென்றால், 12 கேட்கும் புதிய கேம் ஓடுவது சந்தேகம்தான்.

பாலக்காட்டிலும் பொள்ளாச்சியிலும் ஆபீஸ்களிலிருந்து கழித்த டெஸ்க்டாப்கள் மலிவாக வருகின்றன. புராசசர் ஐ5 4570 போல இருந்து, எண்ணின் முதல் இலக்கம் 4 என்றால் அது இன்டெல்லின் நான்காம் தலைமுறை. அந்தச் சிப்பின் உள் கிராஃபிக்ஸில் முன்பு டைரக்ட்எக்ஸ் 12 ஓடியது. பிறகு ஒரு பாதுகாப்புக் குறைக்காக இன்டெல்லே புதிய டிரைவரில் அதை எடுத்துவிட்டது. "முன்னாடி ஓடுச்சு, டிரைவர் அப்டேட் பண்ணினதும் நின்னுபோச்சு" என்று ஒருவர் சொன்னபோது நானே நம்பவில்லை. அவர் சொன்னதுதான் சரி. பழைய டிரைவருக்குத் திரும்பினால் அந்த ஓட்டையும் திரும்பிவிடும், அதனால் நான் அதைச் சொல்வதில்லை. சில கேம்களில் வேறு வழி இருக்கிறது. ஸ்டீமில் பிராப்பர்ட்டீஸ், ஜெனரல், லாஞ்ச் ஆப்ஷன்ஸ் கட்டத்தில் ஒரு கழித்தல் குறி போட்டு, ஒட்டி டிஎக்ஸ்11 என்று ஆங்கில எழுத்தில் தட்டினால் 11இலேயே திறக்கும். எல்லாக் கேமும் கேட்காது.

இன்னும் விண்டோஸ் 7 வைத்திருந்தால்? 2024 ஜனவரி 1 முதல் ஸ்டீம் அதற்கு ஆதரவை நிறுத்திவிட்டது. அங்கே மல்லுக்கட்டாதீர்கள்.

படி 7: தடுப்பது யார்?

விண்டோஸ் செக்யூரிட்டியில் புரொடெக்ஷன் ஹிஸ்டரி என்ற பகுதியில் கேமின் பெயர் தடுக்கப்பட்டதாக இருக்கிறதா பாருங்கள். கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ் இயங்கினால் கேமால் டாக்குமெண்ட்ஸில் எழுத முடியாமல் பேசாமல் செத்துவிடும். அந்தக் கேமை மட்டும் அனுமதித்தால் போதும். கேமின் திரைமேல் மிதக்கும் டிஸ்கார்ட் ஓவர்லே, எஃப்பிஎஸ் (நொடிக்கு எத்தனை படம்) காட்டும் மென்பொருள்கள் இவற்றையும் ஒரு தடவை மூடிவிட்டுத் திறந்து பாருங்கள்.

விண்டோஸ் 11இல் வேலரன்ட் என்ற கேம், வேன்9003 என்ற பிழை எண் காட்டி மறுத்தால் பயாஸில் (விண்டோஸுக்கு முன்பே எழும் மதர்போர்டின் அமைப்பு) செக்யூர் பூட் என்ற பாதுகாப்பு வசதி அணைந்திருக்கிறது. ஆனால் அவசரப்பட்டுப் பயாஸை மாற்றாதீர்கள். டிஸ்க், எம்பிஆர் என்ற பழைய பிரிப்பு முறையில் இருந்தால் அப்புறம் விண்டோஸே எழாது. தெரிந்தவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யுங்கள்.

படி 8: கம்ப்யூட்டரிடமே கேளுங்கள்

ஸ்டார்ட் மெனுவில் ரிலையபிலிட்டி என்று ஆங்கிலத்தில் தேடினால் வியூ ரிலையபிலிட்டி ஹிஸ்டரி வரும். நாள்வாரியாகக் கட்டங்கள், விழுந்த நாளில் சிவப்புப் பெருக்கல் குறி. கேமின் பெயர்மேல் இரண்டு தடவை கிளிக் செய்தால் ஃபால்ட் மாட்யூல் நேம் என்று ஒரு வரி இருக்கும். என்வி என்று தொடங்கினால் என்விடியா டிரைவர்மேல் சந்தேகம். ஏடிஐ என்றால் ஏஎம்டி. கர்னல்பேஸ், என்டிடிஎல்எல் என்று இருந்தால் அதிலிருந்து பெரிதாக ஒன்றும் தெரியாது. விழுந்த இடத்தைச் சொல்கிறதே ஒழிய, தள்ளியவனைச் சொல்லாது.

பையனின் கம்ப்யூட்டரில் கர்னல்பேஸ்தான் இருந்தது. அதற்குள் படி 1 முதல் 7 வரை எல்லாம் சரியாக இருந்ததையும் பார்த்துவிட்டோம்.

படி 9: சி டிரைவில் உங்கள் பெயர் எந்த எழுத்தில் இருக்கிறது?

எங்கள் ஊர்ப்பக்கம் கட்டாயம் பார்க்க வேண்டியது இது. சி டிரைவில் யூசர்ஸ் என்ற ஃபோல்டரைத் திறங்கள். அதில் அக்கவுண்ட் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கும். பையனுடையதைத் திறந்தால் அழகான மலையாள எழுத்தில் யாரோ ஒருவரின் பெயர். பாலக்காட்டுப் பக்கத்துச் சித்தூரில் செகண்ட் ஹேண்டாக வாங்கியதாம். பழைய சொந்தக்காரரின் அக்கவுண்ட் பெயரை மட்டும் இவன் ஆங்கிலத்தில் மாற்றிக்கொண்டான். பெயரை மாற்றினாலும் ஃபோல்டர் மாறாது, முதல் நாள் வைத்த பெயரே நிற்கும்.

செட்டிங், சேவ் எல்லாவற்றையும் பல கேம்கள் அந்த ஃபோல்டருக்குள்தான் எழுதும். பாதையில் ஆங்கிலம் தவிர வேறு எழுத்து வந்தால் சில கேம்களுக்கு அந்த முகவரியைப் படிக்கத் தெரியாது. செய்தியும் சொல்லாமல் மூடிக்கொள்ளும். நானும் ஒரு காலத்தில் தமிழில் பெயர் வைத்து, டி டிரைவில் "விளையாட்டு" என்று ஃபோல்டரும் போட்டு அவதிப்பட்டவன்தான். எழுத்தின்மேல் குற்றமில்லை. எல்லா மொழி எழுத்துகளுக்கும் எண் கொடுக்கும் யூனிகோடின், 1991இல் வந்த முதல் பதிப்பிலேயே தமிழும் மலையாளமும் இருந்தன. இத்தனை வருடம் கழித்தும் அதைச் சோதித்துப் பார்க்காமல் கேம் விற்பவர்களை என்ன சொல்ல!

ஃபோல்டரின் பெயரை நேரடியாக மாற்றாதீர்கள், அக்கவுண்டே கெட்டுவிடலாம். செட்டிங்ஸ், அக்கவுண்ட்ஸ், அதர் யூசர்ஸ், ஆட் அக்கவுண்ட். மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட் கேட்கும். சைன் இன் தகவல் இல்லை என்பதைத் தேர்ந்தெடுத்து, மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட் இல்லாமல் சேர்க்கும் வழியைக் கொடுங்கள். பெயர் ஆங்கிலத்தில், இடைவெளி இல்லாமல், நான்கைந்து எழுத்து. புதிய அக்கவுண்டில் நுழைந்து லாஞ்சரில் லாகின் செய்யுங்கள். கேம் டிஸ்க்கில் அப்படியே இருக்கும், மறுபடி இறக்க வேண்டாம். பழைய அக்கவுண்டையும் அழிக்க வேண்டாம், சேவ் ஃபைல்கள் அதற்குள் இருக்கலாம். எழுத்துப் பிரச்சினை இல்லாதவர்களும் இதைச் செய்து பார்க்கலாம். புதிய அக்கவுண்டில் கேம் ஓடினால் கோளாறு பழைய அக்கவுண்டின் செட்டிங்கில் எங்கோ இருக்கிறது.

இதற்கும் மசியவில்லை என்றால்தான் அன்இன்ஸ்டால். அதற்கு முன் சேவ் ஃபைல்களைத் தனியாக எடுத்து வையுங்கள்.

எங்களுக்கு அதுவரை போகத் தேவைப்படவில்லை. புதிய அக்கவுண்டில் கேம் திறந்தது. லோகோ வந்தது, பாட்டு வந்தது, பையன் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். அதற்குள் அவன் அம்மாவிடமிருந்து போன். நான்கு மணிக்கு டியூஷனாம். போர்வையை மறுபடி சுற்ற வேண்டியதாயிற்று.